பந்து எடுக்கப் போய் வாங்கிவந்த வினை

போன வருடம் ஜூன் கடைசியில் 720 டாலர், ஐந்து நாள் விடுப்பு, மூன்று வாரத் தூக்கம் எல்லாம் ஒரே வீச்சில் போனது. காரணம், டேப் சுற்றிய ஒரு டென்னிஸ் பந்து. மனைவியும் பிள்ளைகளும் கோடை விடுமுறைக்கு ராஜபாளையம் போயிருந்தார்கள். வீட்டில் நான் மட்டும். கண் இரண்டும் வீங்கி, கை முழுக்கக் கொப்புளத்தோடு, இது என்ன வியாதி என்றே தெரியாமல் தனியாக உட்கார்ந்திருந்த அந்த நாட்களை இப்போது நினைத்தால் கொஞ்சம் சிரிப்புகூட வருகிறது. அப்போது வரவில்லை. ‘பாய்சன் ஐவி’ என்ற விஷக்கொடியைப் பற்றி யாராவது முன்கூட்டியே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே என்று ஆற்றாமையாக இருந்தது. அதனால்தான் இதை எழுதுகிறேன். சிகாகோ பக்கம் இருக்கிற நம் ஆட்களுக்காவது உதவட்டும்.

சிகாகோவைச் சுற்றியுள்ள கவுண்டிகளில் (நம்மூர் மாவட்டம் போல) ‘ஃபாரஸ்ட் பிரிசர்வ்’ என்று ஒன்று உண்டு. கவுண்டியே நிலத்தை வாங்கி, காடாகவும் புல்வெளியாகவும் சதுப்பாகவும் காத்து, நடக்கவும் சைக்கிள் ஓட்டவும் மீன் பிடிக்கவும் மக்களுக்குத் திறந்துவிடுகிற ஏற்பாடு. வீடு வைத்திருப்பவர்கள் சொத்து வரிச் சீட்டை எடுத்துப் பாருங்கள், பள்ளிக்கூடத்துக்கு இவ்வளவு, நூலகத்துக்கு இவ்வளவு என்ற வரிசையில் இதற்கும் தனியாக ஒரு வரி இருக்கும். குக் கவுண்டியில் இது 1914இல் தொடங்கியது. இன்றைக்குக் கிட்டத்தட்ட 70,000 ஏக்கர், அதாவது கவுண்டி நிலத்தில் சுமார் 11 சதவீதம். பக்கத்து டூபேஜ் கவுண்டிக்காரர்கள் 1915இல் ஆரம்பித்தார்கள். அங்கே வாட்டர்ஃபால் கிளென் என்ற காடு ஆர்கான் தேசிய ஆய்வகத்தைச் சுற்றி வளையம் போல இருக்கிறது. அதன் பாதையை ஒரு சுற்று வந்தால் 15 கிலோமீட்டர். குக் கவுண்டியின் புஸ்ஸி வுட்ஸில் எல்க் மான் கூட்டமே உண்டு, சாலையோரம் வண்டியை நிறுத்திவிட்டு வேலிக்கு இந்தப் பக்கம் நின்று பார்க்கலாம். இத்தனை இருந்தும் நாம் இதை ‘பார்க்’ என்றுதான் சொல்கிறோம். ‘ஞாயிற்றுக்கிழமை பார்க்குக்குப் போலாமா?’ என் வினை அந்தச் சொல்லிலேயே ஆரம்பித்துவிட்டது.

அன்றைக்கு நாங்கள் பத்தொன்பது பேர். எந்தக் கவுண்டி, எந்தக் காடு என்பது இங்கே வேண்டாம், தப்பு என்னுடையது. மதியம் பிரியாணியும் தயிர்ச் சாதமும் ஆன பிறகு கிரிக்கெட். பிக்னிக் மேசைகளுக்குப் பின்னால் நல்ல புல்தரை, வாரத்துக்கு ஒருமுறை வெட்டுகிறார்கள் போலிருக்கிறது, கம்பளம் மாதிரி இருந்தது. அந்தக் கம்பளம் முடிகிற இடத்தில் கத்தியால் கோடு போட்டதுபோலக் காடு தொடங்கும். நான் நின்றது மிட்விக்கெட் எல்லையில், அந்தக் கோட்டுக்கு ஓரடி முன்னால். நம்மாள் ஒருவர் லெக் சைடில் மட்டும்தான் அடிப்பார். ஐந்து முறை பந்து புதருக்குள் போனது. ஐந்து முறையும் நான்தான் போனேன். அரைக்கால் சட்டை, கணுக்கால் வரை சாக்ஸ். மூன்றாவது முறை பந்து ஒரு மரத்தூரில் பச்சைப்பசேலென்று படர்ந்திருந்த கொடிக்கு அடியில் போய்ச் சிக்கிக்கொண்டது. இரண்டு கையாலும் கொடியை விலக்கி, வராததால் கொஞ்சம் பிய்த்தும் போட்டு, பந்தை எடுத்தேன். எடுத்த பந்தைச் சட்டையில் தேய்த்தேன். வேகப்பந்து வீச்சாளர் செய்கிற மாதிரி, ஸ்டைலாக. அப்புறம் வியர்வையைத் துடைக்க அதே கையால் முகத்தைத் துடைத்தேன். வண்டி நிறுத்துமிடத்தில் மூன்று இலைப் படம் போட்ட மஞ்சள் பலகை ஒன்று இருந்ததை அடுத்த மாதம் போனபோதுதான் கவனித்தேன். அதன் நிழலில்தான் அன்றைக்கு ஐஸ் பெட்டியை இறக்கி வைத்திருந்தோம்.

ஊரில் செந்தட்டி உரசினால் அந்த நொடியே தெரிந்துவிடும். அலறிக்கொண்டு வெளியே வருவோம். இது அப்படியில்லை. ஞாயிறு இரவு ஒன்றுமில்லை. திங்கள் ஒன்றுமில்லை. செவ்வாய்க் காலை முழங்கையின் உட்பக்கம் லேசான அரிப்பு. கொசு என்று நினைத்தேன். மாலைக்குள் ஈர்க்குச்சியால் கீறியதுபோல நேர்கோடாகத் தடிப்பு, அந்தக் கோட்டின் மேல் கடுகு கடுகாகக் கொப்புளம். புதன்கிழமை கண்விழித்தால் இடது கண் திறக்கவில்லை. வீடியோவில் அம்மாவைக் கூப்பிட்டேன். “ஏய்யா, என்னய்யா முகம் இப்பிடி வீங்கிக் கெடக்கு? காணாக்கடியா இருக்கும்” என்றார். கையைக் காட்டியதும் தீர்ப்பு மாறியது. “இது அக்கி. அங்க அக்கி எழுதுறவுக யாரும் இருக்காகளா?” சிகாகோவில் காவிமண் குழைத்து அக்கி எழுதும் குயவருக்கு எங்கே போவது? கடைசியில் தேங்காய் எண்ணெயில் மஞ்சள் குழைத்துப் பூசச் சொன்னார். பூசினேன். அரிப்பு குறையவில்லை, தலையணை உறைதான் போனது.

இணையத்தில் தேடாமல் இல்லை. ‘பாய்சன் ஐவி’ என்று ஒன்று திரும்பத் திரும்ப வந்தது. ஆனால் படத்தில் இருப்பதெல்லாம் வெள்ளைத் தோலில் செக்கச்செவேலென்ற தடிப்பு. என் கையில் அந்தச் சிவப்பு இல்லை, கருஞ்சிவப்பும் சாம்பலும் கலந்த ஒரு நிறம். ‘நமக்கு இருப்பது இது இல்லை’ என்று அந்தப் பக்கத்தை மூடிவிட்டேன். இங்கே கொஞ்சம் நிறுத்திச் சொல்கிறேன், எந்தத் தோல் நோய்க்கும் இது பொருந்தும். நம் நிறத்தில் சிவப்பைத் தேடாதீர்கள். தடிப்பின் வடிவம், கொப்புளம், எங்கே ஆரம்பித்தது என்பதைப் பாருங்கள். செடி உரசிப்போன தடம் அப்படியே கோடாக வருவதுதான் இதன் கையெழுத்து. ஆறியபின் கறுப்புத் தழும்பு போக நமக்கு மாதக்கணக்கில் ஆகும். எனக்கு ஐந்து மாதம் ஆனது.

வியாழக்கிழமை அலுவலகத்துக்கு விடுப்புச் சொல்லிவிட்டு ஒற்றைக் கண்ணோடு வண்டி ஓட்டிக்கொண்டு ஓர் அவசர சிகிச்சை நிலையத்துக்குப் போனேன். (செய்யக் கூடாதது. பக்கத்து வீட்டுக்காரரைக் கூப்பிட்டிருக்கலாம், கூச்சம்.) பார்த்தவுடனே பாய்சன் ஐவி என்று சொல்லிவிட்டார்கள். ஆறு நாள் ஸ்டீராய்டு அட்டை ஒன்று கொடுத்தார்கள். முதல் நாள் ஆறு மாத்திரை, மறுநாள் ஐந்து, பிறகு நான்கு என்று குறைந்துகொண்டே போய் மொத்தம் 21. என் காப்பீட்டில் டிடக்டிபிள் (காப்பீடு தரத் தொடங்கும் முன் நாமே கட்ட வேண்டிய தொகை) அதிகம், ஜூன் வரை ஒரு செலவும் செய்யவில்லை, அதனால் முழுத் தொகையும் என் தலையில்: 175 டாலர். இரண்டாம் நாளே வீக்கம் வடிந்தது. ஆகா என்று இருந்தேன். மாத்திரை தீர்ந்த மறுநாள், எட்டு மடங்கு வேகத்தில் எல்லாம் திரும்பி வந்தது. இந்தமுறை வயிறு, தொடை, கழுத்து என்று புதிய இடங்களில். மறுபடி அதே நிலையம், மறுபடி 175. களிம்பும் அரிப்பு மாத்திரையும் கொடுத்து அனுப்பினார்கள். அந்த வாரக் கடைசியில் நான் தூங்கவே இல்லை. இரவு இரண்டு மணிக்குக் குளிர்ந்த தண்ணீரில் துண்டை நனைத்துக் கையில் சுற்றிக்கொண்டு சமையலறைத் தரையில் உட்கார்ந்திருப்பேன். ஊரில் அப்போது மதியம் பன்னிரண்டரை. மனைவி கூப்பிட்டால் குரலை மாற்றிக்கொண்டு ‘ஒண்ணுமில்ல, பரவாயில்ல’ என்பேன். பாதி விடுமுறையில் அவளைத் திரும்பி வரவைக்க மனம் வரவில்லை.

திங்கள்கிழமை தோல் மருத்துவர் ஒருவரிடம் இடம் கிடைத்தது, 260 டாலர். வயதான அம்மையார். அவர்தான் இரண்டு விஷயத்தையும் புரியவைத்தார். ஒன்று, ஆறு நாள் அட்டை பெரும்பாலும் போதாது. உடம்பின் எதிர்வினை இரண்டு மூன்று வாரம் நிற்கக்கூடியது, மருந்தைச் சீக்கிரம் நிறுத்தினால் அது மறுபடி தலைதூக்கும். முகத்திலும் நிறைய இடத்திலும் வந்திருந்தால் ஸ்டீராய்டை இரண்டு மூன்று வாரத்துக்கு இழுத்து, படிப்படியாகக் குறைக்க வேண்டும். அப்படித்தான் எழுதிக் கொடுத்தார். ஆகவே உங்களுக்கு இந்த நிலை வந்தால் முதல் தடவையிலேயே ‘ஆறு நாள் போதுமா? திரும்ப வருமா?’ என்று வாயைத் திறந்து கேளுங்கள். சர்க்கரை நோய் இருந்தால் அதையும் சொல்லுங்கள், ஸ்டீராய்டு சர்க்கரையை ஏற்றிவிடும். பசியையும் ஏற்றும். நான் நடுராத்திரியில் ரவை உப்புமா கிண்டித் தின்றிருக்கிறேன்.

இரண்டாவது விஷயத்தை அவர் ஒரு கேள்வியாகக் கேட்டார்: “உனக்கு மாம்பழம் ஒத்துக்கொள்ளுமா?” எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. எட்டு வயதில் ராஜபாளையத்துத் தோப்பில் காம்போடு பறித்த மாங்காயை வாயாலேயே கடித்து, பால் பட்டு, வாயோரம் பத்து நாள் வெந்து கிடந்தது நினைவுக்கு வந்தது. மாமரமும் பாய்சன் ஐவியும் ஒரே குடும்பம். முந்திரியும் அதே குடும்பம்தான். முந்திரிக்கொட்டை உடைக்கிறவர்கள் கையைப் புண்ணாக்கும் ஓட்டு எண்ணெயும் இதன் உறவுதான். வண்ணார் துணிக்குக் குறி போடப் பயன்படுத்திய சேராங்கொட்டையும் அதே. இந்தக் கொடியில் இருக்கும் எண்ணெய்க்கு உருஷியோல் என்று பெயர். முதல் தடவை படுகிறவர்களுக்குத் தடிப்பு வர ஒரு வாரத்திலிருந்து மூன்று வாரம்கூட ஆகுமாம், ஏற்கெனவே பழகிய தோலுக்கு ஒன்றிரண்டு நாளில் வந்துவிடும். மாம்பால் முன்பே என் தோலைத் தயார்செய்து வைத்திருக்கலாம் என்றார். கடல் தாண்டி வந்தாலும் சொந்தக்காரர்கள் விடமாட்டார்கள் போல.

‘அப்படியானால் வயிற்றுக்கும் தொடைக்கும் எப்படிப் போனது, கொப்புளத்து நீர் பரவியதா?’ என்று கேட்டேன். இல்லையாம். கொப்புளத்து நீரால் பரவாது, அடுத்தவருக்கும் ஒட்டாது. பரவுவது எண்ணெய்தான். வீட்டுக்கு வந்து ஒவ்வொன்றாகத் துழாவினேன். ஷூ நாடா: தினமும் அதைக் கட்டிவிட்டுத்தான் நடக்கப் போனேன். கார் ஸ்டீயரிங். கைப்பேசி உறை. அப்புறம் கார் கோப்பைப் பொந்தில் இரண்டு வாரமாக உருண்டுகொண்டிருந்த அந்தப் பந்து. சிக்னலில் நிற்கும்போதெல்லாம் அதை எடுத்துக் கையில் சுழற்றுவது என் பழக்கம். அந்த எண்ணெய் கழுவப்படாமல் கிடந்தால் வருடக்கணக்கில் வீரியம் குறையாமல் இருக்குமாம். நான் தினமும் காசு கொடுத்து மருந்து தின்றுகொண்டே, தினமும் இலவசமாக விஷத்தையும் பூசிக்கொண்டிருந்திருக்கிறேன். ரப்பர் கையுறை போட்டு, பாத்திரம் கழுவும் சோப்பால் ஸ்டீயரிங், சீட்டு பெல்ட், கதவுக் கைப்பிடி, சாவி, மூக்குக்கண்ணாடி எல்லாவற்றையும் துடைத்தேன். துணிகளைத் தனியாகச் சூடான தண்ணீரில் இரண்டு முறை போட்டேன். நாடாவைத் தூக்கி எறிந்தேன். அதற்குப் பிறகு புதிய இடத்தில் ஒன்றுகூட வரவில்லை.

ஆக, புதருக்குள் போய் வந்துவிட்டீர்கள் என்று சந்தேகம் வந்தால் வீடு வரும் வரை காத்திருக்காதீர்கள். முதல் பத்து இருபது நிமிடத்தில் சோப்பும் நிறையத் தண்ணீரும் போட்டுத் தேய்த்துக் கழுவினால் பெரும்பகுதி போய்விடும். சாதாரணப் பாத்திர சோப்பு போதும், எண்ணெய்ப் பிசுக்கை எடுக்கிற எதுவும் சரி. வெறும் தண்ணீரோ ஈரத் துண்டோ போதாது, எண்ணெயை இடம் மாற்றிவிடக்கூடும். நகத்துக்கு அடியிலும் தேயுங்கள். இப்போது என் காரின் பின்பக்கத்தில் ஒரு தண்ணீர் கேனும் சின்ன சோப்புப் புட்டியும் எப்போதும் இருக்கும்.

செடியை அடையாளம் காண்பது கொஞ்சம் தந்திரமானது. ஒரு காம்பில் மூன்று இலை. நடு இலைக்கு மட்டும் காம்பு நீளம், பக்கத்து இரண்டும் ஒட்டினாற்போல இருக்கும். துளசிபோல எதிரெதிராக வராமல் ஒன்றுவிட்டு ஒன்றாகத் தண்டில் ஏறும். இளசில் சிவப்பு கலந்து பளபளக்கும், கோடையில் சாதுவான பச்சை, செப்டம்பர் அக்டோபரில் கண்ணைப் பறிக்கிற சிவப்பும் ஆரஞ்சும். இலையுதிர் காலத்தில் புகைப்படம் எடுக்கிறோம் என்று பிள்ளைகளை அதன் பக்கத்தில் நிற்க வைப்பார்கள், பார்த்திருக்கிறேன். தரையில் செடியாகவும் இருக்கும், மரத்தில் கொடியாகவும் ஏறும். முற்றிய கொடியின் தண்டில் தேங்காய் நார் ஒட்டியதுபோல மயிர் வேர் இருக்கும். குளிர்காலத்தில் இலையே இல்லாமல் நிற்கும் அந்த நார்க்கொடியைத் தொட்டாலும் வம்புதான். வெட்டி எரித்தால் இன்னும் மோசம், புகை நுரையீரலுக்குள் போய்விடும். ஐந்து இலை இருந்தால் அது வர்ஜீனியா கிரீப்பர் என்ற வேறு கொடி. அதுவும் சிலருக்கு லேசாக அரிக்கும், ஆனால் இந்த அளவு இல்லை.

உடம்பு கொஞ்சம் தேறியதும் எனக்குக் கோபம் வந்தது. வரி கட்டுகிறோம், குடும்பத்தோடு வருகிற இடம், ஒரு விஷக்கொடியை வெட்டிப்போடக் கூடாதா? காட்டு அலுவலகத்துக்குப் போன் போட்டேன். எடுத்த பெண் பொறுமையாகக் கேட்டார். பாதையோரத்திலும் மேசைகளைச் சுற்றியும் முடிந்தவரை எடுக்கிறோம், காட்டுக்குள் எடுக்கமாட்டோம் என்றார். இது வெளியிலிருந்து வந்த களை இல்லை, இந்த மண்ணின் செடி. இதன் வெள்ளைக் காய்களை நம்பிக் குளிர்காலத்தில் பல பறவைகள் இருக்கின்றன. மான் இதன் இலையை ஒன்றும் ஆகாமல் மேய்கிறது. அவர்கள் ஆண்டுக்கணக்கில் வெட்டித் தள்ளுவது பக்தார்ன் போன்ற ஐரோப்பியப் புதர்களைத்தான். கோபம் தணியாமல் சட்டத்தையே தேடிப் படித்தேன். இல்லினாய் மாநிலத்தின் 1913ஆம் ஆண்டுச் சட்டம், காட்டையும் அதிலுள்ள செடி கொடி விலங்குகளையும் முடிந்தவரை இயற்கையான நிலையில் காப்பதுதான் இந்த அமைப்பின் வேலை என்கிறது. மக்களின் கல்விக்கும் மகிழ்ச்சிக்கும் பொழுதுபோக்குக்கும்தான் அப்படிக் காப்பது என்றும் சொல்கிறது. அதற்கு ஒன்பது வருடம் முன்பே, 1904இல், கட்டடக் கலைஞர் டுவைட் பெர்கின்ஸும் டென்மார்க்கிலிருந்து வந்த நிலவடிவமைப்பாளர் ஜென்ஸ் ஜென்சனும் சிகாகோவைச் சுற்றியுள்ள காடுகளை வீடாகும் முன் வாங்கிவிட வேண்டும் என்று வாதாடியிருக்கிறார்கள். அவர்கள் கேட்டது ஊஞ்சலும் சறுக்குமரமும் இல்லை. நான்தான் அந்தப் புல்தரைக் கம்பளத்தைப் பார்த்து ஏமாந்திருக்கிறேன். கோடு தாண்டிக் கால் வைத்தது அந்தச் செடி கொடிகளின் வீட்டில்.

இதே கணக்கில்தான் பறிக்கக் கூடாது என்ற விதியும் வருகிறது. எங்களோடு வந்திருந்த ஒரு நண்பரின் தாயார், ஊரிலிருந்து புதிதாக வந்தவர், ‘கீரை மாதிரி இருக்கே’ என்று குனிந்தார். நல்லவேளையாக யாரோ தடுத்தார்கள். பூ, காளான், பழம், விதை எதையும் எடுக்க அனுமதி இல்லை, அபராதம் உண்டு. குக் கவுண்டியில் 25 பேரோ அதற்கு மேலோ கூடினால் பிக்னிக்குக்கு முன்அனுமதி வேண்டும், பிறந்தநாள் கொண்டாட்டக்காரர்கள் மறக்காதீர்கள். அங்கே சூரியன் மறைந்தால் காடும் மூடப்படும்.

உண்ணி பற்றியும் ஒரு வார்த்தை. மே முதல் ஜூலை வரை கசகசா அளவே உள்ள மான் உண்ணிக் குஞ்சுகள் புல்லில் காத்திருக்கும், லைம் என்ற நோயைக் கொண்டுவருவது பெரும்பாலும் அவைதான். நீளக்கால் சட்டை போட்டு, சாக்ஸுக்குள் அதைச் செருகிக்கொள்ளுங்கள், பார்க்க அசிங்கமாக இருந்தாலும் சரி. வீட்டுக்கு வந்ததும் துணியை நனைக்காமல் உலர்த்தியில் அதிகச் சூட்டில் பத்து நிமிடம் ஓட்டினால் உண்ணி செத்துவிடும். முழங்காலின் பின்பக்கம், அக்குள், காதுக்குப் பின்னால், பிள்ளைகளின் தலைமுடி, எல்லாம் தடவிப் பாருங்கள். ஒட்டியிருந்தால் நுனி கூரான இடுக்கியால் தோலோடு ஒட்டிப் பிடித்து நேராக இழுங்கள், எண்ணெய் ஊற்றுவது நெருப்பு வைப்பது எல்லாம் வேண்டாம். கடித்த ஒரு மாதத்துக்குள் விரிந்துகொண்டே போகும் வட்டத் தடிப்போ காய்ச்சலோ வந்தால் மருத்துவரிடம் உண்ணி என்ற சொல்லைச் சொல்லிவிடுங்கள். அந்த வட்டமும் நம் தோலில் சிவப்பாக இராது, கன்றிப்போன மாதிரிதான் தெரியும்.

மனைவி ஆகஸ்டில் திரும்பி வந்து கையைப் பார்த்ததும் எல்லாக் கதையும் வெளியே வந்தது. ஒரு மணி நேரம் திட்டு வாங்கினேன், அது 720இல் சேராது. செப்டம்பரில் அதே காட்டுக்கு, அதே புல்தரைக்கு மறுபடி போனோம், இந்தமுறை நீளக்கால் சட்டையோடு. ஆட்டம் தொடங்கும் முன் புதிய விதி ஒன்றை ஓட்டெடுத்து நிறைவேற்றினோம்: கோடு தாண்டிப் புதருக்குள் போனால் அடித்தவர் அவுட், பந்து காட்டுக்குச் சொந்தம், புதுப் பந்தும் அவரே வாங்கித் தர வேண்டும். லெக் சைடு நண்பர் அன்றைக்கு முதன்முறையாக ஆஃப் சைடில் ஒரு நான்கு அடித்தார்.